காளி சந்நிதியில் அத்தை நிற்கும் இடம்

ஆடி மூன்றாம் வெள்ளியன்று, எண்பதைக் கடந்த என் அத்தையைக் கைத்தாங்கலாக அழைத்துக்கொண்டு, யாங்கோன் (ரங்கூன்) நகரின் அனோரத்தா சாலையில் உள்ள காளியம்மன் கோயிலுக்குச் சென்றேன். கீழ்ப் பர்மா ஆங்கிலேயர் கையில் இருந்த 1871ஆம் ஆண்டில் நம் தமிழர்கள் எழுப்பிய கோயில் இது. கன்னத்தில் தனகா என்னும் மரப்பட்டைச் சாந்து பூசிய பர்மியப் பெண்களும் தேங்காய் பழத் தட்டேந்தி நம்மோடு நிற்கும் காட்சி எப்போதும் என் மனத்தை நெகிழச் செய்யும்.

அத்தை வெள்ளிதோறும் ஒரே தூணருகில்தான் நிற்பார். எலுமிச்சை மூடியைத் திருப்பி, நெய் வார்த்து, திரியை ஏற்றும்போது அவர் விரல்கள் நடுங்கும். ஏற்றியதும் உள்ளங்கையைத் தூணில் பதித்துக் கண்மூடி நிற்பார். அதன் காரணத்தை அன்றுதான் சொன்னார்.

அவருக்குப் பேசி முடித்திருந்தவர், "ஆறு மாதத்தில் வந்து அழைத்துப் போகிறேன்" என்று அம்மன் சாட்சியாக வாக்குக் கொடுத்தது அந்தத் தூணடியில்தான். 1964இல் நெ வின்னின் இராணுவ அரசு கடைகளை அரசுடைமையாக்கி, மே 17 அன்று ஐம்பது, நூறு கியாட் நோட்டுகளையும் செல்லாதவை என்று அறிவித்தபின், கையிருப்பு வெறுங்காகிதமாகிப்போன எத்தனையோ தமிழ்க் குடும்பங்கள் சென்னைக்குக் கப்பலேறின. அவர் குடும்பமும் ஏறியது, எங்கள் தாத்தா இங்கேயே இருந்துவிட்டார். இரண்டு கடிதங்கள் வந்தன. பிறகு ஒன்றுமில்லை.

எனக்குத் திருவொற்றியூர் நினைவு வந்தது. அங்கே தாம் மணக்கவிருந்த சங்கிலியாரைப் பிரியேன் என்று சத்தியம் செய்யும் வேளையில் சந்நிதியை விட்டு மகிழ மரத்தில் இருக்குமாறு சுந்தரர் இறைவனை வேண்ட, இறைவனோ அதைச் சங்கிலியாருக்குக் கனவில் உணர்த்திவிட, சத்தியம் அந்த மரத்தடியிலேயே நடந்தது; வாக்கை மீறி ஊரெல்லையைத் தாண்டியதும் சுந்தரரின் பார்வை போயிற்று. சொல் விழுந்த இடத்தில் இறைவன் இருந்துகொண்டேயிருக்கிறான் என்றுதான் நான் அதைப் புரிந்துகொண்டிருக்கிறேன். அத்தையிடமும் அதையே சொன்னேன்.

"அந்தச் சரித்திரம் எனக்குத் தெரியாதா, ராசா? அதற்குப் பயந்துதானே வாராவாரம் வருகிறேன். அவர் சொன்ன சொல் இங்கேயே கிடக்கிறது. அதை மனதில் வைத்து அவர் கண்ணுக்கு ஒரு குறையும் வைத்துவிடாதே, தாயே என்று கேட்டுக்கொள்ளத்தான் இந்த விளக்கு."

அர்ச்சகர் தட்டை வாங்கிப் பெயரையும் நட்சத்திரத்தையும் கேட்டார். அத்தை பெயரைச் சொல்லவில்லை. "சுவாதி" என்று மட்டும் மெல்லச் சொன்னார்.