தோற்றம் என்று கேட்டால் எந்த இறாக்கை?

"மனிசன் வந்த கதை இருக்கா மிஸ்?" என்று ஒரு பிள்ளை நூலக இரவல் மேசைக்கு வந்து நின்றால், உடனே எழும்பிப் போய்ப் புத்தகம் எடுத்துக் கொடுக்கக் கூடாது. "எந்தப் பாடத்துக்குத் தம்பி?" என்று முதலில் கேட்க வேண்டும். உயர்தர உயிரியல் என்றால் அது கூர்ப்பு. சமயம் என்றால் படைப்பு. வரலாறு என்றால் இலங்கையின் ஆதிமனிதனான பலாங்கொடை மனிதன். தமிழ்ச் செயற்றிட்டம் என்றால், திருகோணமலையில் அது பெரும்பாலும், கோயிலும் குளமும் கட்டியதாகச் சொல்லப்படும் அரசன் குளக்கோட்டன்தான். பாடமுமில்லை, ஒன்றுமில்லை, சும்மா வாசிக்க என்றால் முகமூடி போட்ட நாயகன் ஒருவன் எப்படி நாயகன் ஆனான் என்ற சித்திரக்கதை. ஐந்தும் ஐந்து இறாக்கைகளில் இருக்கின்றன.

சொல்லிலேயே சிக்கல் தொடங்குகிறது. எங்கள் பாடநூல் 'கூர்ப்பு' என்கிறது. இறாக்கையில் இருப்பவற்றில் பல தமிழ்நாட்டுப் பதிப்புகள். அவை 'பரிணாமம்' என்கின்றன. கணினிப் பட்டியலில் 'கூர்ப்பு' என்று தட்டிய மாணவிக்கு ஒன்றும் வராது. புத்தகம் நாலு அடி தள்ளி இருக்க, அவள் இல்லையென்று வீட்டுக்குப் போய்விடுவாள். ஆகவே பட்டியலாக்கத்தில் பொருட்தலைப்பு இடும்போது இரண்டு சொல்லையும் கொடுத்துவிட வேண்டும். 'இனம்' இன்னும் மோசம். உயிரியலில் அதற்கு ஒரு பொருள், எங்கள் நாட்டுப் பத்திரிகைகளில் வேறு பொருள். தலைப்பில் 'இனங்களின் தோற்றம்' என்று கண்டதும் உள்ளே திறந்து பாராமல் 305.8இல், இனக்குழுக்களோடு, டார்வினைக் கொண்டுபோய் வைப்பது நடக்கக்கூடிய பிழை. தலைப்பை மட்டும் பார்த்துப் பகுப்பெண் போடக் கூடாது என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் கிடையாது.

பகுப்பெண்ணுக்கும் வயது உண்டு. நூல்களுக்குப் பொருள்வாரியாக எண் கொடுக்கும் தூயி தசமப் பகுப்பின் 21ஆம் பதிப்பு 1996இல் வந்தபோது உயிரியல் பகுதி அடியோடு மாறியது. அதற்கு முன் மனிதக் கூர்ப்பு 573.2இல் இருந்தது. இப்போது அது 599.938, பொதுவான கூர்ப்பு 576.8, மனித மூதாதையரின் உயிர்ச்சுவடுகள் 569.9. காலியான 573.2 விலங்குகளின் சுவாசத் தொகுதிக்குப் போய்விட்டது. பழைய எண்ணை மாற்றாமல் புதிய நூல்களை மட்டும் புதிய எண்ணில் வைத்தால், ஆதிமனிதன் நுரையீரலுக்குப் பக்கத்தில் குந்தியிருப்பான். மாற்றும்போது முதுகு ஒட்டி, பட்டியல், வந்த நூல்களைப் பதியும் சேர்வுப் பதிவேடு மூன்றையும் ஒரே நாளில் மாற்ற வேண்டும். முதுகு ஒட்டியை மட்டும் மாற்றிவிட்டு மற்றதை நாளைக்கு என்று விட்டால், அந்த நாளை வருவதில்லை. புத்தகம் இருந்தும் தொலைந்த கணக்கு.

மனிதத் தோற்ற நூல்கள் மீன் மாதிரி, எப்போது பிடித்தது என்று தெரிய வேண்டும். பதிப்பு விவரப் பக்கத்தில் மூன்று ஆண்டுகள் இருக்கலாம்: மூலநூல் ஆண்டு, மொழிபெயர்ப்பு ஆண்டு, மறுபதிப்பு ஆண்டு. அட்டை புதிதாக மினுங்கும். உள்ளே அரை நூற்றாண்டுக்கு முந்திய அறிவு இருக்கும். பார்க்க வேண்டியது மூலநூல் ஆண்டு. அது அச்சிடப்படாவிட்டால் சொல்லடைவைப் புரட்ட வேண்டும். அழிந்துபோன ஆதிமனிதக் கூட்டமான டெனிசோவன் என்ற பெயர் இல்லையென்றால் 2010க்கு முந்திய எழுத்தாக இருக்க வாய்ப்பு அதிகம். அந்த ஆண்டில்தான் அவர்களின் மரபணுச் செய்தியும் நியாண்டர்தால் மரபணுத் தொகுதியும் வெளிவந்தன. நவீன மனிதனுக்கு 2 இலட்சம் ஆண்டு என்று எழுதியிருந்தால் பெரும்பாலும் 2017க்கு முந்தியது. அந்த ஆண்டு மொரோக்கோவின் ஜெபெல் இர்ஹூத் எலும்புகள் கணக்கை ஏறத்தாழ 3 இலட்சத்துக்குத் தள்ளின. பில்ட்டவுன் மனிதனை உண்மையென்று பேசினால் சந்தேகமே வேண்டாம்: 1912இல் அறிவித்த அந்த மண்டையோடு மோசடி என்று 1953இல் வெளிப்பட்டது. இலங்கைப் பகுதிக்கும் ஒரு சோதனை உண்டு. பாகியன் குகையில் கிடைத்த, ஏறத்தாழ 48,000 ஆண்டு பழைய எலும்பு அம்புமுனைகள் பற்றிய ஆய்வு 2020இல் வெளியானது. அதைச் சொல்லாத நூலைச் செயற்றிட்டத்துக்குத் தனியே கொடுக்காமல், புதியதொன்றோடு சேர்த்துக் கொடுப்பது நல்லது.

பழசென்று கழித்துவிடவும் வேண்டாம். எந்த ஆண்டில் எதை நம்பினார்கள் என்பதற்கு அதுவே சான்று. ஒரு துண்டில் "மூலநூல் 19.. ஆண்டு, புதிய தகவலுக்கு 599.938 பார்க்க" என்று பென்சிலால் எழுதி முன்னட்டைக்குள் செருகினால் போதும். பேனா வேண்டாம், மாரிகால ஈரத்தில் மை கசியும். பசையும் வேண்டாம், இராமபாணப் பூச்சிக்கு அது விருந்து.

ஒன்றில் மட்டும் விட்டுக்கொடுக்க ஏலாது. இலங்கைப் பழங்குடியினரான வேடர் பற்றிய நூல்களை மனிதக் கூர்ப்பு இறாக்கையில் வைக்கக் கூடாது. 20ஆம் நூற்றாண்டுத் தொடக்கத்தில் எழுதியவர்கள் சிலர் அவர்களை ஆதிமனிதனின் மிச்சம் போலக் காட்டினார்கள். அந்தப் பார்வை பகுப்பெண் வழியாக இன்றும் உள்ளே வருகிறது. மூதூர், வெருகல் பக்கம் கரையோர வேடர் வழிவந்த குடும்பங்கள் தமிழ் பேசி வாழ்கின்றன. அந்தப் பிள்ளைகளும் நூலகத்துக்கு வருகிறார்கள். தங்கள் பாட்டனாரை குரங்குக்கும் மனிதனுக்கும் நடுவில் அவர்கள் தேட வேண்டியதில்லை. 305.8தான் சரியான இடம்.

குளக்கோட்டனுக்கு வருவோம். 'கோணேசர் கல்வெட்டு' என்ற பெயரைக் கண்டு கல்லில் வெட்டியதைப் படமாகத் தரச் சொல்லிக் கேட்பவர்கள் அதிகம். அது கவிராச வரோதயர் பெயரால் வழங்கும் நூல். கோணேசர் கோயில் திருப்பணியையும் நிர்வாக ஒழுங்குகளையும் சொல்வது. கல்லைப் பார்க்க வேண்டுமென்றால் பிரட்றிக் கோட்டை வாசலுக்குத்தான் போக வேண்டும். 'முன்னே குளக்கோட்டன்' என்று தொடங்கும் பாட்டாக வாசிக்கப்படும் எழுத்தும் மீனும் அங்கே இருக்கின்றன. நூலையும் கல்லையும் பட்டியலில் வேறுபடுத்த, குறிப்பில் 'செய்யுள் நூல்' என்ற இரண்டு சொல் போதும். கந்தளாய்க் குளத்தைக் கோணேசர் மரபு குளக்கோட்டனுக்குக் கொடுக்கிறது; சிங்கள வரலாற்று மரபு இரண்டாம் அக்கபோதிக்குக் கொடுக்கிறது. மேசையில் இருப்பவர் தீர்ப்புச் சொல்லத் தேவையில்லை. இரண்டு நூலையும் ஒன்றாக எடுத்துக் கொடுத்தால் நல்ல ஆசிரியர் மீதியைப் பார்த்துக்கொள்வார். குளமும் கோட்டமும் கட்டியதால் குளக்கோட்டன் என்கிறார்கள். அப்படியென்றால் செயல் முந்தி, பெயர் பிந்தி. நாயகர்களின் தொடக்கம் அவர்கள் பெயரெடுத்த பிறகுதான் எழுதப்படுகிறது.

சித்திரக்கதையிலும் இதே கதைதான். பட்மான் 1939 மே மாத இதழில் அறிமுகமானான். பெற்றோரைப் பறிகொடுத்த கதை அதே ஆண்டு நவம்பரில்தான் வந்தது. "முதலாவது புத்தகம் தாங்கோ" என்று கேட்கும் பையனுக்கு முதல் இதழ்க் கதையைக் கொடுத்தால் அவன் தேடிய தொடக்கம் அதில் இருக்காது. சித்திரக்கதைக்குரிய 741.5இல் தொடர் இலக்கத்தோடு 'தோற்றக் கதை' என்றும் குறித்து வைத்தால் பிரச்சினை தீரும். இரும்புக்கை மாயாவியில் இந்தத் தலையிடி இல்லை. 1962இல் பிரித்தானிய வார இதழில் தொடங்கி, 1972இல் முத்து காமிக்ஸின் முதல் இதழாகத் தமிழுக்கு வந்த அந்தக் கதையில், கை போனதும் மின்சாரம் பாய்ந்து உருவம் மறைவதும் தொடக்கத்திலேயே வந்துவிடுகின்றன.

சித்திரக்கதை இதழ்களின் எதிரி கடற்காற்று. நடுவில் அடித்த இரண்டு கம்பியும் துருப்பிடித்து, துரு தாளைத் தின்று, நடுத்தாள் கழன்று விழும். தொடக்கக் கதைதான் அடிக்கடி இரவல் போவதால் அதுதான் முதலில் கழலும். மொட்டைக் கத்தியால் கம்பியின் மடிப்பை உள்பக்கம் நிமிர்த்தி, வெளிப்பக்கமாக இழுத்தெடுக்க வேண்டும். குறட்டால் பிடுங்கினால் தாள் கிழியும். பழைய துளை இரண்டு, நடுவில் புதிதாக ஒன்று. பருத்தி நூலை நடுத்துளையால் உள்ளிருந்து வெளியே விட்டு, மேல்துளையால் உள்ளே எடுத்து, நடுவைத் தாண்டிக் கீழ்த்துளையால் வெளியே விட்டு, மறுபடி நடுத்துளையால் உள்ளே கொண்டுவர வேண்டும். உள்ளே ஓடும் நீள நூலுக்கு இருபுறமும் இரண்டு முனைகளும் வரும்படி வைத்து முடிச்சுப் போட வேண்டும். ஒரே பக்கத்தில் போட்டால் ஒரு மாரிக்குள் அவிழ்ந்துவிடும்.