வழக்குரைக்கு முன் குளிர்த்தி

உளவளத்துணை வேலைக்குப் புதிதாக வருகிற பிள்ளைகளின் கையில் முதலில் ஒரு படிவத்தைத்தான் கொடுப்போம். நித்திரை வருகிறதா, சாப்பாடு இறங்குகிறதா, தலையிடி உண்டா, தனியே இருக்கப் பயமா என்று வரிசையாகக் கேள்விகள். சுனாமிக்குப் பிறகு மட்டக்களப்பில் வந்திறங்கிய நிறுவனங்கள் ஒவ்வொன்றும் தனக்கென்று ஒரு படிவம் வைத்திருந்தது. எங்கோ தயாராகி, கொழும்பில் அவசர அவசரமாகத் தமிழாக்கப்பட்டவை. முகாமில் சனம் எங்களைக் கேட்ட கேள்விக்கு அவற்றில் எதிலும் கட்டம் இருக்கவில்லை. "கடவுளுக்கு எங்களில என்ன கோவம் மனே?"

இந்துக்களும் கேட்டார்கள், கிறிஸ்தவர்களும் கேட்டார்கள். கிறிஸ்தவர்களுக்கு அது இன்னும் கூராகக் குத்தியது. 2004 டிசம்பர் 26 ஒரு ஞாயிற்றுக்கிழமை, நத்தாருக்கு அடுத்த நாள். பலகாரம் இன்னும் டின்னில் இருந்தது. கடலுக்கும் வாவிக்கும் நடுவே ஒடுங்கிக் கிடந்த நாவலடி துடைத்தெடுத்தது போலானது. டச் பார் என்ற கரையோரக் குடியிருப்பில் ஐரோப்பிய வழிவந்த பறங்கியர் குடும்பங்கள் பல அழிந்தன. கல்லடி திருச்செந்தூர் முருகன் கோயில் கோபுரம் சாய்ந்து நின்றது. தெற்கே அம்பாறைக் கரையோரத்தில் பத்தாயிரத்துக்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். நாட்டில் எந்த மாவட்டத்திலும் அவ்வளவு சாவு இல்லை. கோயில், பள்ளிவாசல், தேவாலயம் எல்லாவற்றுக்குள்ளும் ஒரே தண்ணீர்தான் புகுந்தது.

அந்த நாட்களில் ஒரு பாடசாலை முகாமில் மீன்பிடித் தொழிலாளி ஒருவரோடு இருந்தேன். மனைவியையும் பேரப்பிள்ளையையும் இழந்தவர். தோணி இல்லை, என்றாலும் எங்கிருந்தோ மீட்ட வலைத்துண்டு ஒன்றை மடியில் வைத்துச் சிக்கெடுத்துக்கொண்டிருந்தார். ஒரு முடிச்சை அவிழ்ப்பார், அடுத்ததைத் தேடுவார். சட்டைப் பையில் மடித்த துண்டுப்பிரசுரம் ஒன்று இருந்தது. முதல் நாள் ஒரு வேனில் சிலர் வந்து பிஸ்கட் பெட்டியோடு சேர்த்து அதையும் கொடுத்துவிட்டுப் போயிருந்தார்கள். இது தேவ கோபாக்கினை, மனந்திரும்புங்கள் என்பது அதன் சாரம். அவர் கை வலையை விடவில்லை. "நத்தாருக்கு நான் கொஞ்சம் குடிச்சிட்டன் தம்பி. அதுக்காகவோ?" என்று கேட்டார்.

துணையாளர் தன் சமயக் கருத்தைத் திணிக்கக் கூடாது என்பது எங்கள் தொழிலின் பாலபாடம். சரிதான். ஆனால் ஒருவர் தன் பேரப்பிள்ளையின் சாவுக்கும் இரண்டு கிளாஸ் சாராயத்துக்கும் கணக்கு முடித்துக்கொண்டிருக்கும்போது, "நீங்கள் என்ன உணர்கிறீர்கள்?" என்று திருப்பிக் கேட்க எனக்கு வாய் வரவில்லை. அவர் வேதாகமம் படிக்கிறவர். லூக்கா 13ஆம் அதிகாரத்தை வாசித்தேன். சீலோவாமில் கோபுரம் விழுந்து பதினெட்டுப் பேர் செத்தார்கள். எருசலேமில் குடியிருந்த மற்றவர்களைவிட அவர்கள் பெரிய குற்றவாளிகளா என்று இயேசு கேட்கிறார். அப்படியல்ல என்று அவரே பதிலும் சொல்கிறார். "இது அவர் சொன்னதோ, நீங்க சொல்றதோ?" என்றார். புத்தகத்தைக் கையில் கொடுத்தேன். எழுத்துக்கூட்டி வாசித்துவிட்டு வலைக்குத் திரும்பினார். பிரசுரத்தை அவர் கிழிக்கவும் இல்லை, எறியவும் இல்லை. அது பையிலேயே இருந்தது.

அந்த வசனம் அங்கே முடிவதில்லை என்பதையும் சொல்ல வேண்டும். நீங்கள் மனந்திரும்பாவிட்டால் எல்லோரும் அப்படியே கெட்டுப்போவீர்கள் என்று இயேசு தொடர்கிறார். பிரசுரக்காரர்கள் இதைத்தான் பிடித்துக்கொள்வார்கள். ஆனால் அவர் அதைச் சொன்னது கோபுரத்தின் கீழ் நசுங்கியவர்களின் வீட்டாரிடம் இல்லை. செய்தி கொண்டுவந்து, செத்தவர்கள் என்ன பாவம் செய்தார்களோ என்று யோசித்துக்கொண்டு நின்றவர்களிடம்.

இந்த வேலையில் இத்தனை வருடம் இருந்ததில் எனக்கு ஒட்டிக்கொண்ட ஒரு பழக்கம், ஒரு வசனத்தைக் கேட்டதும் யார், யாரிடம், எந்த நேரத்தில் சொன்னார்கள் என்று பார்ப்பது. தேவ கோபத்தைப் பற்றிய பகுதிகளை அப்படிப் படித்தால் அவை வேறு மாதிரித் தெரிகின்றன. கிறிஸ்துவுக்கு முன் எட்டாம் நூற்றாண்டில் ஆமோஸ் தீர்க்கதரிசி இடிபோல முழங்குவது யாருக்கு? மரக்காலைச் சிறிதாக்கி, காசைப் பெரிதாக்கி, கள்ளத் தராசால் எளியவனை ஏமாற்றுகிறவர்களுக்கு. தந்தக் கட்டிலில் சாய்ந்து கிடப்பவர்களுக்கு. நாத்தான் தீர்க்கதரிசி விரலை நீட்டுவது ராஜாவாகிய தாவீதிடம். மத்தேயு 25இல் நியாயத்தீர்ப்பு நாளில் கேட்கப்படுவது பசித்தவனுக்குச் சாப்பாடு கொடுத்தாயா, மறியலில் இருந்தவனைப் பார்க்கப் போனாயா என்பது. மாற்கு 3இல் இயேசு கோபத்தோடு பார்ப்பது, சூம்பிய கையோடு ஒருவன் நிற்க, ஓய்வுநாளில் இவர் சுகமாக்குவாரோ என்று குற்றம் பிடிக்கக் காத்திருந்தவர்களை.

எல்லாம் இப்படிச் சுகமாக அடங்கிவிடாது. நோவாவின் வெள்ளம் இருக்கிறது, எகிப்தின் தலைப்பிள்ளைகள் இருக்கிறார்கள். மழையை நிறுத்தியவரும் பயிரைக் கருகச் செய்தவரும் நானே என்று கடவுள் சொல்வது அதே ஆமோஸில்தான், நான்காம் அதிகாரத்தில். எருசலேம் எரிந்தபோது புலம்பல் ஆகமம் அதைக் கர்த்தரின் கோபம் என்றே சொல்கிறது. ஆனால் அந்தப் புலம்பல் இடிபாடுகளுக்கு நடுவே இருந்தவர்களின் குரல், வெளியே இருந்து வந்து படித்துக்காட்டப்பட்ட குற்றப்பத்திரிகை இல்லை. எரேமியாவும் தன் சனத்துக்காகக் கண்ணீர் விட்டுக்கொண்டுதான் தீர்ப்பைச் சொன்னான். வேனில் வந்தவர்கள் அழுததாக ஞாபகம் இல்லை.

அவர்களும் புதிதாக ஒன்றைக் கண்டுபிடித்துவிடவில்லை. 1755 நவம்பர் 1, சகல பரிசுத்தவான்களின் திருநாளன்று காலை, தேவாலயங்கள் நிரம்பியிருந்த நேரத்தில் லிஸ்பன் நகரம் குலுங்கியது. நிலநடுக்கம், கடல் கொந்தளிப்பு, பிறகு தீ. இது இயற்கையால் வந்ததல்ல, உங்கள் பாவத்தால் வந்தது என்று மலகிரிடா என்ற இயேசு சபைக் குருவானவர் எழுதினார். சனம் கொட்டில் போடுவதும் வீடு கட்டுவதுமாக இருப்பதே அவருக்குப் பிடிக்கவில்லை, ஜெபம் செய்ய வேண்டிய நேரமாம். 1761இல் அவரையே திருச்சபையின் சமய விசாரணை மன்றம் தண்டிக்க, கொன்று எரித்தார்கள். இங்கிலாந்தில் ஜோன் வெஸ்லியும் அதே 1755இல் லிஸ்பன் அழிவைக் கடவுளின் தீர்ப்பாகப் பார்த்துப் பிரசுரம் போட்டார். அவர் வழிவந்த மிஷனரி வில்லியம் ஓல்ட் 1814இல் மட்டக்களப்புக்கு வந்தார். நான் அந்த மெதடிஸ்த சபையில் வளர்ந்தவன். சுனாமிக்குப் பின் அதே சபைக்காரர்கள் பிரேதம் தூக்கினார்கள், சமைத்தார்கள், குழந்தைகளைக் குளிப்பாட்டினார்கள். யாரும் விளக்கம் சொல்லிக்கொண்டு நிற்கவில்லை.

விளக்கம் சொல்வதைப் பற்றி யோபுவின் புத்தகத்தில் ஒரு இடம் உண்டு. பிள்ளைகளையும் சொத்தையும் இழந்து கிடக்கிற யோபுவிடம் மூன்று சிநேகிதர்கள் வருகிறார்கள். ஏழு நாள் வாய் திறக்காமல் அவனோடு தரையில் இருக்கிறார்கள். உளவளத்துணைப் பயிற்சியில் அந்த ஏழு நாளுக்கு நூறு புள்ளி கொடுப்பேன். பிறகு பேசத் தொடங்கிக் கெடுத்துவிடுகிறார்கள். நீ பாவம் செய்திருப்பாய், கடவுள் காரணமில்லாமல் அடிக்கமாட்டார், ஒத்துக்கொள். கடைசி அதிகாரத்தில் கடவுளுக்கு நிசமாகவே கோபம் வருகிறது. அது கடவுளை நியாயத்துக்கு இழுத்த யோபுவின் மேல் வரவில்லை. அவருக்காக வக்காலத்து வாங்கிய இந்த மூன்று பேர்மேல் வருகிறது.

சுனாமி வேலையோடு மட்டும் நின்றிருந்தால், கோபமில்லாத கடவுளே போதும் என்றுதான் நானும் இருந்திருப்பேன். அலைக்கு முகம் கிடையாது, யார் மேல் கோபப்படுவது? ஆனால் மட்டக்களப்பில் சாவு கடல் வழியாக மட்டும் வரவில்லை. 1990 செப்டெம்பர் 5ஆம் திகதி வந்தாறுமூலைப் பல்கலைக்கழக வளாகத்தில் தஞ்சமடைந்திருந்தவர்களில் 158 பேரைக் கொண்டு போனார்கள். 2005 நத்தார் நள்ளிரவில் புனித மரியாள் பேராலயத்துக்குள் திருப்பலியின்போதே பாராளுமன்ற உறுப்பினர் ஜோசப் பரராஜசிங்கத்தைச் சுட்டார்கள். இப்படியானவற்றைச் செய்த கைகளுக்கு முகம் உண்டு. அந்த முகங்களில் சில இன்னும் இதே தெருக்களில் திரிகின்றன என்று இங்கே எல்லோரும் நம்புகிறார்கள்.

தொண்ணூறாம் ஆண்டில் மகனைப் பறிகொடுத்த ஒரு அம்மாவைச் சந்திக்கப் போவது என் வேலையில் ஒன்று. அவரிடம் பழைய வேதாகமம் ஒன்று இருந்தது. அட்டை போய், துணி வைத்துத் தைத்தது. 109ஆம் சங்கீதப் பக்கம் மட்டும் கை பட்டுப் பட்டு எண்ணெய்க் காகிதம் போலக் கண்ணாடியாகிவிட்டது. சத்துருவின் நாட்கள் கொஞ்சமாகட்டும், அவன் பிள்ளைகள் தகப்பனில்லாமல் போகட்டும் என்று சபிக்கிற சங்கீதம் அது. எழுபதுகளின் தொடக்கத்தில் கத்தோலிக்கத் திருச்சபை தன் மணிவேளைச் செபத்தைத் திருத்தியபோது 58, 83, 109 ஆகிய மூன்று சங்கீதங்களையும் முழுதாக விட்டுவிட்டது. செபிக்க முடியாத அளவுக்குக் கடுமை என்று. இந்த அம்மா அதைத்தான் ஒவ்வொரு இரவும் வாசித்தார்.

அப்போது எங்கள் திட்டத்தில் மன்னிப்புப் பற்றி ஒரு பயிற்சி நடந்துகொண்டிருந்தது. மெழுகுவர்த்தி, வட்டமாகக் கதிரை, எழுதி எரிக்கக் கடதாசி. அம்மாவையும் கூப்பிட்டிருந்தார்கள். வந்தார், இருந்தார், பிளேன்டீ குடித்தார். முடிவில் சொன்னார்: "மன்னிக்கிறன் மனே. மன்னிப்புக் கேட்டு ஆள் வரட்டும், மன்னிக்கிறன். ஒருத்தனும் வரல்லியே."

அன்று பின்னேரம் திரும்பி வரும் வழியில், தம்பிலுவிலைச் சேர்ந்த சக பணியாளர் ஒருவர் ஒரு கதை சொன்னார். அவர் இந்து. அவர்கள் ஊர்க் கண்ணகி அம்மன் கோயிலில் வைகாசிச் சடங்கு பெரிய விசேஷம். கதவு திறந்தால் நாள்தோறும் வழக்குரை படிப்பார்கள். கோவலனுக்கு நடந்த அநியாயம், பாண்டியன் சபையில் கண்ணகி கேட்ட நீதி, மதுரை எரிந்தது, எல்லாம். அது படித்து முடிந்த பிறகுதான் குளிர்த்தி பாடி அம்மனின் கோபத்தைத் தணிப்பார்கள். "நாங்க செய்றது என்ன அண்ணன்? வழக்கைக் கேக்கிறதுக்கு முதல் குளிர்த்தி பாடச் சொல்றம்" என்றார். வேதாகமம் படித்த நான் யோசித்துப் பார்க்காத ஒன்றை, அம்மன் கோயில் வீதியில் வளர்ந்தவர் போகிறபோக்கில் சொல்லிவிட்டார்.

கிறிஸ்தவச் சிந்தனையிலும் இந்தச் சண்டை பழையது. இரண்டாம் நூற்றாண்டில் மார்சியோன், பழைய ஏற்பாட்டின் கோபக்காரக் கடவுள் வேறு, இயேசுவின் பிதா வேறு என்று சொல்லி வேதாகமத்தையே வெட்டிக் குறைத்தான். ரோமச் சபை அவனை வெளியேற்றியது. (எங்கள் பயிற்சிப் பட்டறைகளுக்கு அவனை வளவாளராகக் கூப்பிட்டிருந்தால் நன்றாகச் செய்திருப்பான்.) நாலாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் லக்தான்சியுஸ் என்ற கிறிஸ்தவ எழுத்தாளர் மார்சியோனுக்கு நேர் எதிராக எழுதினார்: தீமையைக் கண்டு கோபிக்காதவர் நன்மையை நேசிக்கவும் மாட்டார். அகுஸ்தீனார் இன்னும் நிதானம். கடவுளின் கோபம் நம்முடையதுபோல மனம் கலங்கிக் கொதிப்பதல்ல, பாவத்தின் மேல் விழும் தீர்ப்பே அது என்றார். புத்தகமாகப் படித்தால் அகுஸ்தீனார் பக்கம்தான் நான். அந்த அம்மாவின் திண்ணையில் இருந்தால் லக்தான்சியுஸ் பக்கம்.

2019 ஏப்ரல் 21, உயிர்த்த ஞாயிறு. சீயோன் தேவாலய முற்றத்தில் குண்டு வெடித்தது. இறந்தவர்களில் பலர் ஞாயிறு பாடசாலைக்கு வந்த பிள்ளைகள். அந்த வீடுகளில் நடந்ததை எழுதப்போவதில்லை. அதற்கடுத்த கிழமைகளில் எங்களுக்கு இருந்த பெரிய பயம் வேறு. முஸ்லிம்களின் ஊரான காத்தான்குடி கூப்பிடு தூரம். தெருவில் இளைஞர்கள் கூடிக் கதைத்த கதைகள் நல்லதாக இல்லை. அந்தக் கூட்டங்களில் போய் இருந்து பேசுவது எங்கள் வேலையானது. கடவுள் அன்பானவர், விட்டுவிடுங்கள் என்றால் எழும்பிப் போய்விடுவார்கள். பவுல் ரோமருக்கு எழுதியதுதான் அங்கே கொஞ்சமாவது எடுபட்டது: பழிவாங்குதல் எனக்குரியது, நானே பதிற்செய்வேன் என்று கர்த்தர் சொல்கிறார். அதாவது இந்தக் கோபம் நியாயமானது, ஆனால் அது உன் கையில் இல்லை. ஒரு பையன் கேட்டான்: "அவர் செய்யாட்டி?" எனக்குப் பதில் தெரியவில்லை, தெரியாது என்றே சொன்னேன். அவன் போகவில்லை, இருந்தான்.

மிரோஸ்லாவ் வோல்ப் என்கிற குரோஷிய இறையியலாளர், யூகோஸ்லாவியா உடைந்து சனம் ஒருவரையொருவர் கொன்ற காலத்தை மனதில் வைத்து 1996இல் எழுதியது இதற்குக் கிட்டவாக வரும். கடவுள் தீர்ப்புச் செய்வார் என்று நம்புகிறவனால்தான் தான் வாளை எடுக்காமல் இருக்க முடியும். தீர்ப்பே செய்யாத கடவுள் என்பது அமைதியான புறநகர் வீடுகளில் பிறக்கிற எண்ணம் என்கிறார். படிவங்கள் எங்கே தயாராகின்றன என்று அதைப் படித்தபோது யோசித்தேன்.

துணி வைத்துத் தைத்த வேதாகமத்தின் சொந்தக்காரி இப்போதும் ஒவ்வொரு விசாரணைக்கும் போய் வருகிறார். ஆணைக்குழு மாறும், அலுவலகம் மாறும், கேள்வி மாறாது. போன முறை போனபோது லூக்கா 18ஐ வாசிக்கச் சொன்னார். கடவுளுக்கும் பயப்படாத, மனிதரையும் மதிக்காத நீதிபதியிடம் ஒரு விதவை விடாமல் போய், எனக்கு நியாயம் செய்யும் என்று கேட்கிற கதை. கேட்டு முடித்துச் சொன்னார்: "அவவுக்கு ஒரே நீதவான் மனே. எனக்கு வாறவன் எல்லாம் புது ஆள். முதலில இருந்து சொல்லணும்." பிறகு பிளாஸ்டிக் கோப்பைத் திறந்து, அடுத்த விசாரணைக்கு வேண்டியதைப் பிரதி எடுத்து வரச் சொன்னார். அடையாள அட்டை, மகனின் பிறப்புச் சான்றிதழ், பொலிஸ் முறைப்பாடு, எல்லாவற்றிலும் மும்மூன்று.