வழிச்செலவு யார் கொடுத்தது?

இடப்பெயர்வு பற்றிப் பள்ளிப் புத்தகத்தைத் திறந்தால் இரண்டு பத்தி போட்ட அட்டவணை ஒன்று கட்டாயம் இருக்கும். ஒரு பக்கம் ஊரைவிட்டுத் தள்ளும் காரணங்கள்: பஞ்சம், வேலையின்மை, போர். எதிர்ப்பக்கம் வெளியூர் இழுக்கும் காரணங்கள்: கூலி, நிலம், படிப்பு. தேர்வுக்கு அது போதும். ஆனால் நம் ஊர்களிலிருந்து இலங்கை மலைநாட்டுத் தோட்டங்களுக்குப் போனவர்களின் கதையை அதற்குள் அடைக்கப் பார்த்தால் பாதிக் கதை வெளியே நிற்கிறது.

தள்ளியது எது என்று சொல்வது சுலபம். திருச்சி, சேலம், மதுரை, ராமநாதபுரம், புதுக்கோட்டைப் பக்கத்துக் குடும்பங்கள், பெரும்பாலும் கையளவு நிலம்கூட இல்லாதவர்கள், அவர்களிலும் பெரும்பங்கு பண்ணைகளில் ஆளாகக் கிடந்த தலித் மக்கள். மழை பொய்த்தால் முதலில் அடுப்பு அணைவது அவர்கள் வீட்டில்தான். 1876இல் தொடங்கிய தாது வருடப் பஞ்சம் எல்லோரையும்தான் அடித்தது, ஆனால் எல்லோரும் ஊரைவிட்டுக் கிளம்பவில்லை.

இழுத்தது முதலில் தேயிலை இல்லை, காப்பி. 1830களிலிருந்து கண்டி மலைகளில் காப்பித் தோட்டங்கள் பெருகின. காப்பிக்கு ஆள் தேவைப்படுவது பழம் பறிக்கும் சில மாதங்களுக்குத்தான் என்பதால் பெரும்பாலும் ஆண்கள் போனார்கள், மன்னார்க் கரையில் இறங்கி மாத்தளை வரை காட்டுவழியாக நடந்தார்கள், வழியிலேயே காலராவில் விழுந்தவர்கள் போக மீதிப்பேர் பறித்துக் கொடுத்துவிட்டு ஊர் திரும்பினார்கள். அப்புறம் 1869இல் காப்பி இலையில் ஒரு பூஞ்சை நோய் தலைகாட்டியது. இருபது வருடத்துக்குள் காப்பி படுத்துவிட்டது, அந்த இடத்தைத் தேயிலை பிடித்துக்கொண்டது. தேயிலைக் கொழுந்து வருடம் முழுக்கத் துளிர்க்கும், விட்டால் முற்றிவிடும், வாரத்துக்கு ஒரு தரம் போலக் கிள்ளியே ஆக வேண்டும். அதற்குப் பெண்களும் வேண்டும், குடும்பமும் வேண்டும், அந்தக் குடும்பம் ஊர் திரும்பாமல் லயத்திலேயே, அதாவது தோட்டத்து வரிசை வீட்டிலேயே, கிடக்கவும் வேண்டும். போய்வந்து கொண்டிருந்தவர்கள் குடியேறியவர்களாக ஆனதில் அந்தப் பூஞ்சைக்கு இருக்கும் பங்கை எந்தப் பத்தியில் எழுதுவது என்று எனக்குத் தெரியவில்லை.

சரி, பஞ்சத்தில் கிடப்பவனிடம் படகுக்கூலி ஏது? இங்கேதான் கங்காணி வருகிறார். அவர் வெளியாள் இல்லை, தெரிந்த ஊர்க்காரர், பல நேரம் உறவுக்காரர். தோட்டத்துரை கொடுத்த முன்பணத்தோடு ஊருக்கு வந்து ஆள் சேர்ப்பார். தேயிலைத் தூரைத் தோண்டினால் தேங்காயும் மாசிக் கருவாடும் கிடைக்கும் என்று ஆசைகாட்டிக் கூட்டிப்போனார்கள் என மலையகத்தில் இன்றும் சொல்வார்கள். ஊர்க்கடனை அடைத்தது, வழிச்செலவு, போனதும் போர்த்த ஒரு கம்பளி, எல்லாமே ஆள் பேரில் பற்று. அவர் கூட்டிவந்த ஆள் வேலைக்கு இறங்கும் ஒவ்வொரு நாளுக்கும் கங்காணிக்குத் தலைக்காசு தனி. வேறு தோட்டத்துக்கு மாற வேண்டுமானால் 'துண்டு' வேண்டும், அதாவது இந்த ஆளின் கடன் இவ்வளவு, கட்டினால் விடுகிறேன் என்று துரை எழுதிக் கொடுக்கும் சீட்டு. புதுத் தோட்டம் அந்தக் கடனைக் கட்டி ஆளை எடுக்கும், எடுத்த தொகை மறுபடியும் அவன் தலையிலேயே ஏறும். துண்டு முறையைச் சட்டம் போட்டு ஒழிக்க 1921 ஆனது.

அதனால்தான் நான் சொல்கிறேன், தள்ளுவதும் இழுப்பதும் எத்தனை பலமாக இருந்தாலும் நடுவில் ஒருவர் காசைப் போட்டால்தான் ஏழை நகர்கிறான். ஒரே மாதிரி வறண்ட இரண்டு ஊர்களில் ஒன்று பாதி காலியாகி இன்னொன்று அப்படியே கிடந்தால், மழைக்கணக்கைப் பார்ப்பதற்கு முன்னால் எந்த ஊருக்குக் கங்காணி வந்தார் என்று பார்ப்பது நல்லது.

அந்த அட்டவணைக்கு இன்னொரு சங்கடமும் உண்டு. 1948இல் இலங்கை கொண்டுவந்த குடியுரிமைச் சட்டத்தால் இந்த மக்களில் பெரும்பாலானவர்கள் நாடற்றவர்களானார்கள். 1964 அக்டோபரில் இலங்கைப் பிரதமர் சிறிமாவும் இந்தியப் பிரதமர் சாஸ்திரியும் கையெழுத்துப் போட்டார்கள்: 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு, மீதி 1,50,000 பேரைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று. அந்தப் 'பிறகு' 1974இல் வந்தது, ஆளுக்குப் பாதியாகப் பிரித்துக்கொண்டார்கள், பங்காளிகள் பாகம் பிரிப்பது போல. இரண்டு மூன்று தலைமுறையாக அங்கேயே பிறந்து வளர்ந்தவர்கள் தலைமன்னாரில் கப்பலேறி ராமேஸ்வரத்தில் இறங்கினார்கள். இங்கே எந்தக் கூலியும் அவர்களை இழுக்கவில்லை. அவர்களை நகர்த்தியதில் பெரிய பங்கு அரசாங்கக் காகிதத்துக்குத்தான்.

நீலகிரியில் அரசுத் தேயிலைத் தோட்டம் 1968இல் தொடங்கியதே அப்படி வந்தவர்களுக்கு வேலை கொடுக்கத்தான். கோத்தகிரி, கூடலூர்ப் பக்கம் அவர்களைச் 'சிலோன்காரங்க' என்பார்கள், அங்கே இந்தியத் தமிழர், இங்கே சிலோன்காரர். அவர்களுடைய பேரப்பிள்ளைகளில் பலர் கொழுந்து கிள்ளத் தயாராக இல்லை, கோவைக்கும் திருப்பூருக்கும் இறங்கிவிட்டார்கள். தோட்டக் கூலியையும் அந்த வீடுகளையும் பார்த்தவர் யாரும் குறை சொல்ல மாட்டார்கள். வால்பாறை பக்கம் இப்போது ஜார்க்கண்டிலிருந்தும் அசாமிலிருந்தும் வந்தவர்கள் கொழுந்து பறிக்கிறார்கள். அவர்களிடம் பேசக் கிடைத்தால் உங்கள் ஊரில் என்ன கஷ்டம், இங்கே என்ன கூலி என்று மட்டும் கேட்டுவிட்டு வராதீர்கள், ரயில் டிக்கெட் யார் எடுத்துக் கொடுத்தது, அந்தக் காசு எப்படிக் கழிகிறது என்பதையும் கேளுங்கள்.