ஊழி வகைக் காலக்கலங்கள்: சரக்குக்கும் வயது உண்டு

'ஊழி' என்பது வணிகத்துக்கும் ஆய்வுக்கும் சேர்த்து வடிவமைத்த கற்பனைக் காலக்கலம், அதாவது காலத்தில் முன்னும் பின்னும் போகும் கப்பல். நீளம் 60 மீட்டர், பணியாட்கள் 11 பேர், சரக்குக் கொள்ளளவு 200 டன். இப்படிப்பட்ட கலங்களை வைத்துக் கதையோ விளையாட்டோ உருவாக்கும்போது எந்திரத்தைப் பற்றியே பக்கம் பக்கமாக எழுதத் தோன்றும். தேவையில்லை. 1988-ல் இயற்பியலாளர்கள் மோரிஸ், தோர்ன், யுர்ட்சீவர் மூவரும் போட்ட புழுத்துளைக் (வெளியின் இரு இடங்களை இணைக்கும் குறுக்குவழி) கணக்கின்படி, காலப்பயணக் கருவி உருவான நாளுக்கு முன்னால் போகவே முடியாது. அப்புறம் ஆய்வாவது, வணிகமாவது! ஊழி அந்தத் தடையை மீறும் என்று ஒரே வரியில் சொல்லிவிட்டு நகர்வதுதான் நேர்மை. உண்மையான தலைவலி இரண்டு: எங்கே போய் இறங்குகிறோம், எதை ஏற்றி வருகிறோம்.

பூமி சூரியனைச் சுற்றி நொடிக்கு 30 கி.மீ. ஓடுகிறது. சூரியனோ பால்வீதியின் மையத்தைச் சுற்றி நொடிக்குச் சுமார் 220 கி.மீ. வேகத்தில் போகிறது. ஓராண்டுக்கு ஏறத்தாழ 700 கோடி கி.மீ., அதாவது சூரியனிலிருந்து புளூட்டோவுக்கு உள்ள சராசரித் தொலைவைவிட அதிகம். நின்ற இடத்திலேயே காலம் மட்டும் மாறும் என்று எழுதினால், கலம் வெட்டவெளியில்தான் வெளிப்படும். அதனால் ஊழியில் ஈர்ப்புக் கொக்கி ஒன்று உண்டு. அது பூமியின் மையத்தைப் பிடித்துக்கொள்ளும், சுழற்சியைப் பிடிக்காது. எந்த நிலப்பரப்புக்கு மேல் வெளிப்படுவோம் என்பது வந்த பிறகுதான் தெரியும். நேரே தரையிலோ கடலிலோ இறங்குவது தற்கொலை. 20,000 ஆண்டுகளுக்கு முன் கடல்மட்டம் இன்றைவிடச் சுமார் 120 மீட்டர் தாழ்ந்திருந்தது. இன்றைய கரைக்கோடு அங்கே செல்லாது. 400 கி.மீ. உயரத்தில் வெளிப்பட வேண்டும். காலம் தாவுவதற்கு முன்பே நொடிக்கு 7.7 கி.மீ. கிடைவேகம் எடுத்திருக்க வேண்டும், இல்லாவிட்டால் வந்தவுடனே விழ ஆரம்பிக்கும்.

அடுத்த வேலை தேதி பார்ப்பது. முதலில் வியாழனும் சனியும். இரண்டும் சுமார் 20 ஆண்டுக்கு ஒருமுறை சந்திப்பதால், அவற்றின் இருப்பிடத்தோடு செவ்வாயையும் சேர்த்துப் பார்த்தால் ஆண்டு சிக்கிவிடும். பிறகு நிலா. அது நாளுக்கு 13 பாகை நகரும். அரைப் பாகைத் துல்லியத்தில் அளந்தால் ஒரு மணி நேரத்துக்குள் வந்துவிடலாம். புதியவர்கள் தடுக்கி விழுவது இதற்கு அடுத்த படியில். பூமியின் சுழற்சி மெல்ல மெல்லக் குறைந்துவருகிறது. 2,000 ஆண்டுகளுக்கு முன்புவரை இன்றைய நாளின் நீளத்தையே வைத்துக் கணக்கிட்டால், சேர்ந்துபோன பிசகு கிட்டத்தட்ட 3 மணி நேரம். தீர்க்கரேகையில் அது 40 பாகைக்கு மேல். வானத்துக் கணக்கெல்லாம் சரியாக இருக்கும், கீழே மட்டும் வேறு நாடு கிடக்கும். சுழற்சித் திருத்தப் பட்டியலைப் பார்த்துவிட்டு, கரைக்கோட்டைக் கண்ணாலும் ஒருமுறை சரிபார்ப்பது நல்லது.

கப்பல் குறிப்பேட்டில் நாட்காட்டித் தேதி எழுதக் கூடாது. நாட்களை இடைவெளியில்லாமல் வரிசையாக எண்ணும் ஜூலியன் நாள் எண்தான். கி.மு. 1-க்கு அடுத்தது கி.பி. 1, நடுவில் சுழியம் ஆண்டு கிடையாது. நாட்காட்டித் திருத்தத்தால் சில கத்தோலிக்க நாடுகளில் 1582 அக்டோபர் 4-க்கு மறுநாள் அக்டோபர் 15. பிரிட்டன் 1752 வரை பழைய கணக்கிலேயே ஓடியது. இரண்டு துறைமுகத்துச் சரக்குச் சீட்டை ஒப்பிடும்போது இது கழுத்தை அறுக்கும்.

இனிச் சரக்கு. பழம்பொருள் வாங்கி வந்து விற்கலாம் என்பதுதான் எல்லாருக்கும் முதலில் தோன்றுவது. அதைப் போல உருப்படாத யோசனை வேறில்லை. கலத்தில் வரும் பொருள் இடைப்பட்ட காலத்தைக் கடக்கவில்லை, தாண்டி வந்திருக்கிறது. 2,000 ஆண்டு பழைய மரப்பெட்டியில், காலப்போக்கில் தானே சிதையும் கார்பன்-14 ஐந்தில் ஒரு பங்குக்கும் கொஞ்சம் கூடுதலாகக் குறைந்திருக்க வேண்டும். அது பாதியாகக் குறைய ஆகும் காலம், அதாவது அரைவாழ்வு, 5,730 ஆண்டு. நம் பெட்டியில் ஒன்றும் குறைந்திருக்காது. பானையை வெப்ப ஒளிர்வுச் சோதனைக்கு அனுப்பினால், அண்மையில் சுட்டது என்று முடிவு வரும். வெண்கலத்தில் களிம்பே ஏறியிருக்காது. அசல் பொருளைக் கையில் வைத்துக்கொண்டு போலி என்ற பட்டத்தோடு திரும்ப வேண்டியதுதான்.

ஈயம் இதைவிட நுட்பமானது. பழைய ஈயத்துக்கு இன்று மதிப்பு உண்டு: சார்டினியாவுக்கு அருகே மூழ்கிய ரோமானியக் கப்பலின் ஈயக் கட்டிகள் இத்தாலியின் கிரான் சாசோ நிலத்தடி ஆய்வகத்தில் கதிர்த் தடுப்புக்குப் பயன்படுகின்றன. காரணம், புது ஈயத்தில் இருக்கும் ஈயம்-210 என்ற கதிரியக்க வகை. தாதுவை உருக்கும்போது யுரேனியமும் ரேடியமும் பெரும்பாலும் கசடோடு போய்விடும். ஈயம்-210 வேதியியலில் ஈயமேதான் என்பதால் கட்டியிலேயே தங்கிவிடும். அதன் அரைவாழ்வு சுமார் 22 ஆண்டு. 220 ஆண்டு கிடந்தால் ஆயிரத்தில் ஒரு பங்குதான் மிஞ்சும். ரோமாபுரி உலையிலிருந்து நேரே ஏற்றி வந்தால் இன்றைய ஈயத்துக்கும் அதற்கும் பெரிய வித்தியாசம் இருக்காது.

வழி ஒன்றுதான்: கிடப்பில் போடுவது. அங்கேயே வாங்கி, அலையும் வலையும் எட்டாத ஆழத்தில் இறக்கிவிட்டு, வெறுங்கலமாகத் தாவி வந்து இங்கே மீட்பது. வண்டல் மூடிவிடும் என்பதால் ஆற்று முகத்துவாரம் ஆகாது. இடத்தைக் குறிக்கும்போது மேலே சொன்ன சுழற்சித் திருத்தத்தை மறந்தால் சரக்கு போனது போனதுதான்.

இரும்பில் இந்தத் தொல்லை இல்லை. 1945-ல் தொடங்கிய அணுகுண்டு வெடிப்புகளின் கதிரியக்கத் துகள் காற்று வழியாக உலைக்குள் போனதுதான், கதிர் அளக்கும் கருவிகளுக்கு எஃகின் குறை. அதற்கு முந்தைய எஃகை அன்றே ஏற்றி அன்றே இறக்கலாம். 1919-ல் ஸ்காட்லாந்தின் ஸ்காப்பா புளோ விரிகுடாவில் மூழ்கடிக்கப்பட்ட ஜெர்மன் போர்க்கப்பல்களின் எஃகுக்கு மதிப்பு வந்ததும் இதனால்தான்.

போகும்போது எடுத்துச்செல்ல அலுமினியம் நல்லது, ஆனால் 1886-க்கு முன்னால் மட்டும். அந்த ஆண்டில் ஹாலும் ஹெரூவும் தனித்தனியே அலுமினியத்தை மலிவாகப் பிரிக்கும் மின்பகுப்பு முறையைக் கண்டுபிடித்த பிறகு விலை சரிந்தது. 1884-ல் வாஷிங்டன் நினைவுத் தூணின் உச்சியில் வைத்த அலுமினியப் பட்டைக்கூம்பே 3 கிலோவுக்கும் குறைவு. அதனால் 5 கிலோவுக்கு மேல் ஒரே ஊரில் இறக்கினால் சந்தையும் கெடும், சந்தேகமும் வரும்.

சரக்கைக் கிடப்பில் போட்டுவிட்டு வெறுங்கலமாகத் திரும்பும்போது எடை ஈடு கட்ட வேண்டும். ஊழியின் தாவல் முழு எடைக்கு அளவு வைத்தது. 2 டன் குறைந்தாலே நாள் பிசகும். சட்டென்று கடல்நீரை நிரப்பிவிடத் தோன்றும். கூடாது. சாதாரணக் கப்பல்கள் ஆடாமலிருக்க அடியில் நிரப்பும் நிலைநிறுத்த நீரில் ஒட்டிவந்த வரிக்குதிரைச் சிப்பி, 1980-களில் வட அமெரிக்கப் பேரேரிகளில் புகுந்து குடிநீர்க் குழாய்களை அடைத்தது. அது வேறு கண்டத்து உயிர். இது வேறு காலத்து உயிர். கருங்கல் ஜல்லியைச் சுட்டு, ஆறவைத்து, எடைபோட்டு ஏற்றுங்கள்.