பெண் வீட்டுப் பக்கம் பார்த்தீங்களா?

எங்கள் அலுவலகத்தில் வருடத்துக்கு ஒரு முறை பயிற்சி என்று சொல்லி உட்கார வைப்பார்கள். சேலத்து வெயிலில், அதுவும் மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு. ஒரு வருடம் பேச வந்தவர் லிங்கன் கதையை எடுத்தார். லிங்கனின் அப்பா செருப்புத் தைப்பவர், சபையில் ஒருவர் அதைக் குத்திக் காட்ட, லிங்கன் எழுந்து பதில் சொன்னார் என்று பள்ளி ஆண்டு விழாக்களில் நாம் எல்லோரும் கேட்ட அதே கதை. கைதட்டல் ஓய்ந்ததும் பக்கத்தில் இருந்த தட்டச்சர் என் காதில், "அதுகூடப் பரவாயில்ல சார், அவரு அந்தப்பா பையனே இல்லைன்னு ஒரு பேச்சு இருக்குதாம்" என்றார்.

நான் அப்போது பிறப்பு இறப்புப் பதிவேடுகள் இருக்கும் ரெக்கார்டு ரூமில் வேலை பார்த்துக்கொண்டிருந்தேன். யாருக்கு யார் அப்பா என்பதுதான் எனக்கு அன்றாடச் சோறு. அதனால் வீட்டுக்குப் போய்த் தேடிப் படித்தேன்.

செருப்புக் கதை நிற்கவில்லை. அப்பா தாமஸ் லிங்கன் தச்சர், விவசாயி. ஆனால் தட்டச்சர் சொன்ன பேச்சு நிஜமாகவே ஓடியிருக்கிறது. லிங்கன் பிறந்தது 1809 பிப்ரவரி 12, கென்டக்கி மாநிலம் ஹார்டின் கவுண்டியில். கவுண்டியை நம் மாவட்டம் என்று வைத்துக்கொள்ளலாம். அவர் பெரிய ஆளான பிறகு, செத்த பிறகு இன்னும் அதிகமாக, கதைகள் கிளம்பின. அம்மா நான்சி ஹாங்க்ஸ் வட கரோலினாவில் ஆபிரகாம் என்லோ என்பவர் வீட்டில் வேலைக்கு இருந்தார், பிள்ளைக்கு ஆபிரகாம் என்று பெயர் வந்ததே அதனால்தான் என்று ஒரு கதை. தாமஸின் அப்பா பெயரும் ஆபிரகாம்தான். தாத்தா பெயரைப் பேரனுக்கு வைத்ததற்கு நம் ஊரில் யாராவது விளக்கம் கேட்பார்களா? பேரன் என்ற சொல்லே அப்படி வந்ததுதானே.

இந்தக் கதைகளுக்குத் தீனி போட்டது ஒரு பதிவேடு. 1819இல் தாமஸ், சாரா புஷ் ஜான்ஸ்டனை இரண்டாம் தாரமாகக் கட்டிக்கொண்ட பதிவு ஹார்டினில் இருந்தது. நான்சியைக் கட்டிய பதிவு மட்டும் இல்லை. ஊர் வாய்க்கு அது போதாதா? 1878இல்தான் அது அகப்பட்டது, வாஷிங்டன் என்ற இன்னொரு கவுண்டியின் ஆபீசில். ஜெஸ்ஸி ஹெட் என்ற பாதிரியார் தான் நடத்திவைத்த கல்யாணங்களைப் பட்டியலாக எழுதிக் கொடுத்திருந்தார். 1806 ஜூன் 12, தாமஸ், நான்சி. அக்கா பிறந்தது 1807, லிங்கன் 1809. நான்சி சொந்தக்காரர் வீட்டில் அந்தக் கவுண்டியில் இருந்தார், கல்யாணம் பெண் வீட்டுப் பக்கம் நடந்தது, அவ்வளவுதான். பதிவு அகப்பட்டபோது லிங்கன் போய்ச் சேர்ந்து 13 வருடம். அதற்குப் பிறகும் பேச்சு நிற்கவில்லை. 1920இல் வில்லியம் பார்ட்டன் என்ற பாதிரியார், அப்பா என்று சொல்லப்பட்ட ஆட்களை ஒவ்வொருவராக எடுத்து ஆராய்ந்து, ஒன்றுமே நிற்காது என்று எழுத வேண்டியிருந்தது.

பெண் வீட்டுப் பக்கம் என்ற இடத்துக்கு வந்தபோது நான் படிப்பதை நிறுத்திவிட்டேன். பழைய விஷயம் ஒன்று ஞாபகத்துக்கு வந்தது.

அதற்குப் பல வருடம் முன்பு ஏற்காட்டிலிருந்து ஒரு அம்மா வந்தார். அப்பா காபி எஸ்டேட்டில் வேலை பார்த்து இறந்துவிட்டவர். முதல் தாரத்து மகள் இவர். இரண்டாம் தாரத்துப் பிள்ளைகள் பிறந்தது மலையிலேயே ஆஸ்பத்திரியில், அவர்களுக்குக் காகிதம் எல்லாம் சரியாக இருந்தது. இவருக்கு ஒன்றும் இல்லை. வீட்டு மனைப் பங்கு என்று வந்ததும், நீ எங்கப்பாவுக்குப் பிறந்தாய் என்பதற்கு என்ன சாட்சி என்று தம்பி கேட்டுவிட்டார். "எங்கப்பா பேரு இருக்குதுங்களான்னு கொஞ்சம் பாருங்க சார்" என்று அந்த அம்மா மூன்று நாள் வந்தார். 1967, 1968, 1969 என்று மூன்று வருடப் புத்தகத்தையும் நான்தான் புரட்டினேன். ஓரமெல்லாம் பூச்சி அரித்த தாள், பழைய மணியக்காரர்களின் கோழிக்கால் எழுத்து. பாதிப் பதிவில் குழந்தையின் பெயரே இருக்காது, ஆண் அல்லது பெண் என்பதோடு சரி. சலிக்காமல்தான் பார்த்தேன். இல்லை. பதிவு இல்லை என்ற சான்று எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்தேன். அதை வைத்து அவர் தாமதப் பதிவுக்கு மனு போடலாம், நல்லதுதான் செய்கிறேன் என்றே நினைத்தேன்.

ஒரு மாதம் கழித்து அழுதுகொண்டு வந்தார். மனுவோடு வைத்த சான்றைத் தம்பி நகல் எடுத்துச் சொந்தக்காரர்கள் எல்லோருக்கும் காட்டியிருக்கிறார். "கவர்மெண்டே இல்லைன்னு எழுதிக் குடுத்திருச்சு" என்று. கவர்மெண்ட் என்பது நான்.

அப்போது கட்டுத் தூக்கி வைத்துக்கொண்டிருந்த எங்கள் ரெக்கார்டு கிளார்க் அண்ணன் திரும்பிக்கூடப் பார்க்காமல் கேட்டார்: "தலைப்பிரசவமாம்மா? அம்மா வீடு எந்த ஊரு?"

பொம்மிடிப் பக்கம் என்றார். அந்தக் காலத்தில் தலைப்பிரசவத்துக்குப் பிறந்த வீட்டுக்குப் போகாத பெண் உண்டா? மலைக்கு அந்தப் பக்கம் என்றாலும் பொம்மிடி தர்மபுரி மாவட்டம். 1965இலேயே சேலத்திலிருந்து பிரிந்துவிட்டது. 1878இல் சேலம் மாவட்டத்துத் தொரப்பள்ளியில் பிறந்த ராஜாஜியின் ஊரே இன்றைக்குக் கிருஷ்ணகிரி மாவட்டம். தினம் தினம் இந்த எல்லைக் கோடுகளோடு மாரடித்த எனக்கு அந்தக் கேள்வி வாயில் வரவில்லை. என் மேஜை மேல் இருந்த புத்தகத்தில் இல்லை என்றால் இல்லை என்று எழுதிவிட்டேன்.

அங்கே போய் அலைந்து எடுத்து வந்து காட்டினார். ஒரே ஒரு வரி. பெண். பெயர்க் கட்டம் காலி. தகப்பன் பெயர், தொழில் கூலி, இருப்பு ஏற்காடு. பிறந்த அந்த வாரத்திலேயே, பங்கையும் மனையையும் பற்றி ஒன்றும் தெரியாத ஒரு மணியக்காரர் எழுதியது.

மனை விவகாரம் பிறகு என்ன ஆனது என்று எனக்குச் சொல்ல அவர் வரவில்லை, வரவேண்டிய அவசியமும் இல்லை. நான் கொடுத்த சான்றின் நகல்கள் மட்டும் எத்தனை வீட்டுப் பெட்டியில் கிடக்கின்றனவோ.

அதன் பிறகு அப்படிச் சான்று எழுதும்போதெல்லாம் கீழே ஒரு வரி சேர்க்க ஆரம்பித்தேன்: "இந்த அலுவலகத்தில் உள்ள இன்னின்ன வருடப் பதிவேடுகளில் மட்டும் தேடப்பட்டது." புதிதாக வந்த மேலதிகாரி இரண்டு முறை அடித்துவிட்டார். படிவத்தில் இல்லாததை எதற்கு எழுதுகிறீர்கள் என்றார். சரி என்று பென்சிலில் எழுத ஆரம்பித்தேன். ஆபீஸ் வாசல் ஜெராக்ஸ் கடையில் நகல் எடுத்தால் அந்த வரி மட்டும் சரியாக விழாது.