குடம் அடிக்கிறவர் போட்ட ஆமா

எழுதி வைத்த வசனம் இல்லாமல் மேடையேறி, பார்க்க வந்தவர்கள் கொடுக்கும் ஒரு சொல்லைப் பிடித்துக்கொண்டு சிரிக்க வைப்பதுதான் என் தொழில். இம்ப்ரோவ் என்பார்கள். சென்னையில் பயிற்சிக்குப் போன முதல் நாளே சொன்னார்கள், கூட நடிப்பவர் என்ன சொன்னாலும் மறுக்காதே, 'ஆமா' என்று ஏற்று அதன்மேல் ஒன்றைச் சேர் என்று. சிகாகோவில் வயோலா ஸ்போலின் உருவாக்கிய நாடக விளையாட்டுகள், 1959இல் அவர் மகன் பால் சில்ஸும் நண்பர்களும் தொடங்கிய செகண்ட் சிட்டி நகைச்சுவை நாடகக் குழு, எல்லாம் அப்புறம்தான் படித்தேன்.

ஆனால் அந்த 'ஆமா' எனக்குப் புதிதே இல்லை. எங்கள் ஊர் சுடலைமாடன் கோயில் கொடைத் திருவிழாவில் விடிய விடிய வில்லுப்பாட்டு கேட்டு வளர்ந்தவன் நான். ஒரு வருஷம் நடுக்கதையில் கரண்ட் போய்விட்டது. பாட்டுக்காரர் சட்டென்று நிறுத்த, குடம் அடிக்கிற மாமா மட்டும் மட்டையை நிறுத்தாமல், "ஆமா, மாடன் வாற நேரம், வெளிச்சம் எதுக்கு?" என்றார். இருட்டுக்குள் மொத்தக் கூட்டமும் சிரித்தது இன்றும் காதில் இருக்கிறது.

1908இல் ஒழுகினசேரியில் பிறந்த கலைவாணர் என்.எஸ்.கிருஷ்ணனும் வில்லுப்பாட்டிலிருந்து வந்தவர்தானே.

மாதச் சம்பளம் கிடையாது, கம்பெனிகளில் வகுப்பெடுத்துத்தான் வாடகை கட்டுகிறேன், அம்மாவுக்கு அந்தக் கவலை தீரவில்லை. சரி, வருகிற ஞாயிறு நாகர்கோவிலில் முதல் நிகழ்ச்சி. அந்த மாமாவும் குடத்தோடு மேடையில் இருப்பார். ஒத்திகை கிடையாது மாமா என்றேன். "அதுக்கென்ன மக்கா, வாறேன்" என்றார்.