மஞ்சக்குப்பம் கடையில் பில் ஏன் இழுக்கிறது?

அக்டோபர் 29, புதன்

கடலூரிலிருந்து மறுபடி போன். "தம்பி, ஒரு பில் போடறதுக்குள்ள நாலு பேர் வந்து நின்னுடறாங்கப்பா" என்கிறார் மஞ்சக்குப்பம் மருந்துக்கடை அண்ணன். அதே மென்பொருள் புதுச்சேரி கடையில் ஒழுங்காக ஓடுகிறது. இரு கடைக்குமான டேட்டாபேஸ் இருப்பது இங்கே, புதுச்சேரி லாஸ்பேட்டையில். முதலாளி அதற்குள் புது சர்வருக்கு விலை கேட்டுவிட்டார். நேரம் எங்கே போகிறது என்று அளக்காமல் பணத்தைக் கொட்டுவதில் எனக்கு உடன்பாடில்லை.

அக்டோபர் 30, வியாழன்

எங்கள் டேட்டாபேஸ் மென்பொருள் போஸ்ட்கிரெஸ் 16. க்வெரிகளை, அதாவது டேட்டாபேஸிடம் நிரல் கேட்கும் கேள்விகளை, கணக்கெடுக்கும் பிஜி_ஸ்டாட்_ஸ்டேட்மென்ட்ஸ் லைப்ரரியின் கோப்பு ஏற்கெனவே சர்வரில் கிடக்கிறது. 'க்ரியேட் எக்ஸ்டென்ஷன்' என்று அதைச் சேர்க்கச் சொன்னால் சத்தமில்லாமல் ஏற்றுக்கொள்கிறது. கணக்கைக் காட்டும் வியூவைத் திறந்தால்தான், சர்வர் எழும்போது ஏற்றும் லைப்ரரிகளின் பட்டியலான 'ஷேர்டு_ப்ரீலோட்_லைப்ரரீஸ்' வழியாக என்னை ஏற்று என்று எரிந்து விழுகிறது. எல்லா இணைப்புகளும் பகிரும் மெமரியில் அதற்கு இடம் வேண்டும். அதைச் சர்வர் எழும்போதே ஒதுக்கியாக வேண்டும். ஆக, ரீஸ்டார்ட்.

நவம்பர் 1 தோதுப்படும் என்று பார்த்தேன். 1954-ல் பிரெஞ்சு நிர்வாகம் கைமாறிய நாள், புதுச்சேரியில் அரசு விடுமுறை. ஆனால் தென்பெண்ணைப் பாலம் தாண்டினால் கடலூரில் அது சாதாரண சனிக்கிழமை. மருந்துக்கடைக்கு எந்த ஊரிலும் லீவு கிடையாது என்பது வேறு. கடை அடைத்த பிறகு இரவில்தான் செய்ய வேண்டும்.

நவம்பர் 1, சனி

ரீஸ்டார்ட் ஆயிற்று. மழை. வேறொன்றுமில்லை.

நவம்பர் 3, திங்கள்

என் பழைய ஸ்கிரிப்ட் மொத்த நேரத்தைக் காட்டும் 'டோட்டல்_டைம்' என்ற நெடுவரிசையைத் தேடி விழுந்தது. 13-ஆம் பதிப்பிலிருந்து அது 'டோட்டல்_எக்ஸெக்_டைம்'. மாற்றி ஓட்டினேன். எல்லாரும் சந்தேகப்பட்ட மாதாந்திர ஸ்டாக் ரிப்போர்ட் கனமானதுதான், ஆனால் அது எப்போதாவது ஓடுவது. அழைப்பு எண்ணிக்கையில் முதலிடம், பேட்ச் விவரம் எடுக்கும் ஒரு குட்டி க்வெரிக்கு. அதன் சராசரி 1 மில்லிசெகண்ட்கூட இல்லை. சர்வர் தன் வேலையை முடிக்க எடுத்த நேரத்தைத்தான் இந்த லைப்ரரி எழுதும். பதில் வயரில் போகிற நேரம் அதன் கணக்கில் வராது. அதற்குக் கடலூர் பக்கத்திலிருந்து பார்க்க வேண்டும்.

நவம்பர் 4, செவ்வாய்

கன்னியக்கோயில் வழியாக பஸ். கடைக் கணினியில் ஓடுவது ஜாவா நிரல், அதனால் பி6ஸ்பை: அந்த நிரல் அனுப்பும் ஒவ்வொரு க்வெரியையும் நேரத்தோடு எழுதிவைக்கும் கருவி. அதன் ஜார் கோப்பையும் 'ஸ்பை.ப்ராபர்ட்டீஸ்' என்ற அமைப்புக் கோப்பையும் ஜாவா தேடும் இடமான க்ளாஸ்பாத்தில் வைத்து, டேட்டாபேஸை இணைக்கும் ஜேடிபிசி முகவரியில் 'போஸ்ட்கிரெஸ்க்யூஎல்'லுக்கு முன்னால் 'பி6ஸ்பை' சேர்த்தால் போதும், நிரலில் ஒரு வரி தொட வேண்டாம்.

அது எழுதும் 'ஸ்பை.லாக்' கோப்பு நிரம்பத் தொடங்கியது. அதே குட்டி க்வெரி, இங்கே 40 மில்லிசெகண்ட். ஆக, நேரம் போவது வழியில். 20 கிலோமீட்டர் சொச்சம் தூரம்தான். ஆனால் இரு கடைக்கும் வெவ்வேறு இணைய இணைப்பு, இடையில் இரண்டையும் பாதுகாப்பாக இணைக்கும் விபிஎன், தகவல் எந்த ஊரைச் சுற்றிவிட்டு வருகிறதோ! 12 மருந்து உள்ள பில்லில் ஒவ்வொன்றுக்கும் பேட்ச், இருப்பு, விலை, ஜிஎஸ்டி என 4 கேள்வி. 48 முறை போய்வந்தால் கிட்டத்தட்ட 2 செகண்ட். பில் திருத்தினால் எல்லாம் மறுபடியும்.

"சர்வர் மாத்தினா சரியாயிடுமா?" என்றார் அண்ணன். "ஆகாதுண்ணே" என்றேன்.

ஒன்று உறுத்தியது. பிஜி_ஸ்டாட்_ஸ்டேட்மென்ட்ஸ் மதிப்புகளை '$1', '$2' என்று மறைத்துவிடும். பி6ஸ்பை முழு க்வெரியையும் மதிப்போடு எழுதுகிறது: வாடிக்கையாளர் பெயர், போன் நம்பர், வாங்கிய மாத்திரை. யாருக்கு என்ன நோய் என்று அந்த லாக்கைப் படித்தே சொல்லலாம். தேவையான வரிகளில் நேரத்தை மட்டும் குறித்துக்கொண்டு கோப்பை அழித்தேன், ஜாரையும் எடுத்துவிட்டேன்.

நவம்பர் 6, வியாழன்

நாலு கேள்வியையும் ஒரே க்வெரியாக இணைத்து (ஜாயின்), பில்லின் எல்லா மருந்துக் குறியீடுகளையும் ஒரு அரேயாக, ஒரே தொகுப்பாக அனுப்பும்படி மாற்றினேன். க்வெரியில் 'இன்' பட்டியலாக எழுதியிருந்தால், போஸ்ட்கிரெஸ் 16-இல் பட்டியலின் நீளத்துக்கு ஒரு வரியாகப் பிரிந்து பிஜி_ஸ்டாட்_ஸ்டேட்மென்ட்ஸ் கணக்கு சிதறும். '= எனி' என்றால் எல்லாம் ஒரே வரி. பழைய கணக்கை ரீசெட் செய்துவிட்டு இன்று எண்ணிக்கையைப் பார்க்கிறேன்: பில்லுக்கு ஒரு அழைப்பு. கடலூரிலிருந்து இன்று போன் இல்லை. பிஜி_ஸ்டாட்_ஸ்டேட்மென்ட்ஸ் அப்படியே ஓடட்டும். மாதாந்திர ரிப்போர்ட்டை அடுத்த வாரம் பார்க்க வேண்டும்.